சாமியாருக்குப் பங்கில்லை என்று நான் எழுதினேன்

கிராம நிர்வாக அலுவலராகப் புதிதாகச் சேர்ந்திருக்கும் உங்களுக்கு, அடங்கல் எழுதுவது எப்படி, பட்டா மாறுதலுக்கு என்னென்ன இணைக்க வேண்டும் என்பதையெல்லாம் பயிற்சியிலேயே சொல்லிக்கொடுத்திருப்பார்கள். அதை நான் தொடப் போவதில்லை. நான் நல்லபடியாகச் செய்த வேலைகளைப் பற்றிப் பேசினால் உங்களுக்குக் கொட்டாவி வரும், எனக்கும் வரும். அதனால் தப்பாகச் செய்த ஒன்றைச் சொல்கிறேன். என் பணிப் பதிவேட்டில் ‘கண்டனம்’ என்று ஒரே ஒரு வரி இருக்கிறது. அதைப் பற்றி எனக்கு வெட்கம் இல்லை. அதற்கு முன்னால் நான் எழுதிய ஒன்றரைப் பக்க அறிக்கையை நினைத்தால்தான் இன்றும் முகம் சுருங்குகிறது.

அப்போது எனக்குப் பணியில் எட்டு வருட அனுபவம். அது ஒரு மோசமான வயது. புதியவர்களுக்கு இருக்கும் பயம் போயிருக்கும், பழையவர்களுக்கு இருக்கும் சந்தேகம் வந்திருக்காது. கோவளத்துக்குத் தெற்கே, கிழக்குக் கடற்கரைச் சாலைக்கும் கடலுக்கும் நடுவில் இருந்த ஒரு மீனவக் குப்பமும் என் பொறுப்பில் இருந்தது. பெயர் வேண்டாம். அங்கே சவேரியம்மா என்று ஓர் அம்மா காலமானார். அவர் பெயரில் ஒரு வீடும், வீட்டுக்குப் பின்னால் கடலைப் பார்த்த மாதிரி கொஞ்சம் மனையும் இருந்தன. சாலை அகலமாகி, விடுதிகள் வரிசையாக முளைத்தபிறகு அந்த மனையை எல்லோரும் ஏறிட்டுப் பார்க்க ஆரம்பித்திருந்தார்கள்.

அந்த அம்மாவின் கணவர் முன்பே இறந்துவிட்டார். மூன்று பிள்ளைகள். மூத்தவர் அந்தோணி, சொந்தமாக இரண்டு படகு வைத்திருந்தவர். நடுவில் பிலோமினா. கணவர் இறந்த பிறகு தாய் வீட்டுக்கே வந்துவிட்டவர். பக்கத்து விடுதி ஒன்றில் துணி துவைக்கும் வேலை பார்த்துக்கொண்டே, படுத்த படுக்கையாகக் கிடந்த அம்மாவை ஆறு வருடம் பார்த்துக்கொண்டவர். கடைசிப் பிள்ளை சேசுராஜ். கத்தோலிக்கக் குருவாகப் பட்டம் வாங்கி, தெற்கே கடப்பாக்கம் பக்கம் ஒரு பங்குக் கோயிலில் இருந்தார்.

வாரிசுச் சான்றிதழுக்கு விண்ணப்பம் கொடுத்தவர் அந்தோணி. அதில் இரண்டு பெயர்கள்தான் இருந்தன. நான் கண்ணை மூடிக்கொண்டு அனுப்பவில்லை, கேட்கத்தான் செய்தேன்.

“உங்க தம்பி ஒருத்தர் இருக்காரே?”

“அவரு தான் சாமியாராயிட்டாரே மேடம். ஆண்டவருக்குக் குடுத்தாச்சு. குடுத்தத திருப்பிக் கேக்க முடியுமா?”

நேரில் போய் அக்கம்பக்கத்தாரை விசாரித்தேன். வலை பின்னிக்கொண்டிருந்த ஒருவர் தலையைக்கூட நிமிர்த்தாமல், “ஃபாதருக்கு இன்னாத்துக்கு மேடம் வூடு? போற ஊரெல்லாம் அவரு வூடு தான்” என்றார். சுற்றியிருந்தவர்கள் ஆமாம் போட்டார்கள். ஒருவரும் பொய் சொல்லவில்லை. மனதார நம்பியதைச் சொன்னார்கள். பொய் சொல்கிறவனை ஒரு வருட அனுபவத்தில் கண்டுபிடித்துவிடலாம். நம்பியதைச் சொல்கிற ஊருக்கு முன்னால்தான் நாம் ஏமாந்து நிற்போம்.

நான் ஏமாந்ததற்கு இன்னொரு காரணம் என் வீட்டிலேயே இருந்தது. எங்களுக்கு மதுராந்தகம் பக்கம் விவசாயக் குடும்பம். எனக்குப் பன்னிரண்டு வயதாக இருந்தபோது என் சித்தப்பா காவி கட்டிக்கொண்டு வடக்கே போய்விட்டார். சில வருடம் பார்த்தார்கள். அப்புறம் தர்ப்பையில் ஓர் உருவம் செய்து வைத்து, மொட்டை போட்டுக் கருமாதி செய்துவிட்டார்கள். மறு வாரமே நிலத்தை என் அப்பாவும் பெரியப்பாவும் பிரித்துக்கொண்டார்கள். துறவி என்றால் குடும்பத்தைப் பொறுத்தவரை செத்தவர் என்று அன்றைக்கு என் மண்டையில் ஏறியது. இருபது வருடம் கழித்து, அந்தக் கருமாதியை ஒரு கத்தோலிக்க வீட்டு வாசலில் கொண்டுபோய் இறக்கினேன்.

‘இளைய மகன் குருத்துவத்தில் சேர்ந்து குடும்பத்தைத் துறந்துவிட்டபடியால் அவரை வாரிசாகக் கருத இயலாது.’ இதுதான் நான் எழுதிய வாக்கியம். எழுதி முடித்து, நன்றாக அமைந்துவிட்டது என்று ஒரு முறை படித்துப் பார்த்து ரசித்தேன். வருவாய் ஆய்வாளர் கையெழுத்துப் போட்டார், வட்டாட்சியர் கையெழுத்துப் போட்டார். இரண்டு பெயரோடு சான்றிதழ் வந்தது. மேலே இருப்பவர்கள் அந்தத் தெருவுக்கு வந்து பார்ப்பதில்லை. நம் கண்ணைத்தான் கடன் வாங்குகிறார்கள்.

இரண்டு மாதம் கழித்து ஒரு வியாழக்கிழமை காலையில் பிலோமினா என் அலுவலகத்துக்கு வந்தார். கையில் ஒரு பிளாஸ்டிக் உறை, அதற்குள் ஒரு பத்திரத்தின் நகல்.

“மேடம், அண்ணன் வூட்ட வித்துட்டாரு. ரிசார்ட் கட்டப் போறாங்களாம். வர்ற புதங்கெழம ரிஜிஸ்டர். என்ன வாடக வூடு பாத்துக்கச் சொல்றாரு.”

பத்திரத்தை வாங்கிப் பார்த்தேன். அண்ணனுக்கு அவர் எழுதிக்கொடுத்த விடுதலைப் பத்திரம். தன் பங்கை முழுதாக விட்டுக்கொடுத்திருந்தார்.

“நீங்களே கையெழுத்துப் போட்டிருக்கீங்களேம்மா.”

“பட்டா மாத்தறதுக்குன்னு சொன்னாரு. வூடு உனக்கு தான், பேரு மட்டும் என் பேர்ல இருக்கட்டும்னாரு. கூடப் பொறந்தவர் சொல்றாரேன்னு போட்டேன். படிச்சா பாத்தேன்?”

நானும் என் கல்யாணத்துக்கு மறு வருடம் என் அண்ணன்களுக்கு இதே மாதிரி ஒரு பத்திரத்தில் கையெழுத்துப் போட்டவள்தான். நானும் படிக்கவில்லை. அதனாலேயோ என்னவோ, அந்தப் பெண் சொன்னது எனக்கு உறைக்கவில்லை. நம் எல்லோருக்கும் கைவசம் உள்ள அந்த வாக்கியத்தைச் சொன்னேன். “இனிமே நாங்க ஒண்ணும் பண்ண முடியாதும்மா. கோர்ட்டுக்குத்தான் போகணும்.” நீங்களும் சீக்கிரம் இதைச் சொல்லக் கற்றுக்கொள்வீர்கள். சொல்லும்போது எதிரில் நிற்பவரின் முகத்தை மட்டும் பாருங்கள்.

வாசல்வரை போனவர் திரும்பி வந்தார்.

“தம்பி பேரு ஏன் மேடம் அந்தச் சர்டிபிகேட்ல இல்ல?”

“அவர் சாமியாராயிட்டாரேம்மா.”

“சாமியாராப் போனா செத்துட்டதா அர்த்தமா? அவனுக்கு ஆதார் கீது. ஓட்டு போட்டுகினு தான் கீறான். ஓட்டற பைக்கு அவன் பேர்ல கீது. அவனும் எங்கம்மா வயித்துல தான மேடம் பொறந்தான்?”

அவர் போனதும் செங்கல்பட்டு நீதிமன்றத்தில் எனக்குத் தெரிந்த வழக்கறிஞர் ஒருவருக்குப் போன் செய்தேன். விஷயத்தைக் கேட்டதும் அந்தம்மா சிரிக்கக்கூட இல்லை. “யாரு இப்படி எழுதினது?” என்றார். நான்தான் என்றேன்.

அவர் சொன்னதை உங்களுக்கு அப்படியே தருகிறேன், மறக்காதீர்கள். துறவியைச் செத்தவராக எண்ணுகிற வழக்கம் பழைய இந்துச் சட்டத்தில் உண்டு. அதிலும் காவி கட்டினால் மட்டும் போதாது. உரிய சடங்குகளைச் செய்து, உலகத்தை அறவே விட்டார் என்பது நிரூபணமாக வேண்டும். கிறிஸ்தவக் குருவுக்கும் கன்னியாஸ்திரிக்கும் அந்தப் பேச்சே கிடையாது. அவர்கள் சபைக்குக் கொடுக்கும் வாக்கு சபைக்கும் அவர்களுக்கும் உள்ளது. அதை வைத்து அரசாங்கம் அவர்களின் வாரிசுரிமையை அழிக்க முடியாது. தாய் உயில் எழுதாமல் இறந்தால் மூன்று பிள்ளைக்கும் சரிபங்கு.

சேசுராஜின் பெயர் அந்தச் சான்றிதழில் இருந்திருந்தால், அவர் கையெழுத்து இல்லாமல் அந்தோணியால் ஒரு செங்கல்லைக்கூட விற்றிருக்க முடியாது. பிலோமினாவின் தலைக்கு மேல் இருந்த கூரையை நான் ஒரு வாக்கியத்தில் பிய்த்திருந்தேன். புதன்கிழமைக்கு இன்னும் ஐந்து நாள் முழுதாக இருந்தது.

வருவாய் ஆய்வாளரிடம் போய்ச் சொன்னேன். நல்ல மனிதர், என் மேல் அக்கறை உள்ளவர். “விடுங்க மேடம். அவங்க கோர்ட்ல பாத்துக்கட்டும். உங்க ரிப்போர்ட்ட நீங்களே தப்புன்னு எழுதிக் குடுத்தா, முதல்ல உங்க தலைதான் உருளும்” என்றார். அவர் சொன்னது அத்தனையும் உண்மை. ஒரு மணி நேரம் நானும் விட்டுவிடலாம் என்றுதான் இருந்தேன். எனக்கு அப்போது இரண்டு சின்னப் பிள்ளைகள், வீட்டில் என் சம்பளம்தான். பயந்தேன் என்று சொல்வதில் எனக்கு வெட்கமில்லை.

மறுநாள் காலை பஸ் பிடித்துக் கடப்பாக்கம் போனேன். ஃபாதர் சேசுராஜ் கோயில் வாசலில் பைக்கைத் துடைத்துக்கொண்டிருந்தார். நாற்பது வயது இருக்கும். அம்மா சொத்தில் அவருக்குப் பங்கு உண்டு, ஒரு ஆட்சேப மனு எழுதித் தர வேண்டும் என்றேன். முகம் மாறிவிட்டது.

“எனக்கு எதுவும் வேணாம் மேடம்.”

“நீங்க ஏழ்மை வாக்கு எடுத்திருக்கீங்களா?”

“அது துறவற சபையில சேர்றவங்க எடுக்கற வார்த்தைப்பாடு. நான் மறைமாவட்டக் குரு, எனக்கு அது கிடையாது. ஆனா சொத்துக்கு நிக்கற சாமியார்னு ஊர் பேசுமே. வர்ற ஞாயித்துக்கிழம எந்த மூஞ்சிய வெச்சிக்கிட்டு நான் பிரசங்கம் பண்றது?”

“உங்க அக்காவுக்கு வீடு இல்லாமப் போகப்போகுது, ஃபாதர்.”

“இல்லையே. வீடு அக்காவுக்குத்தான்னு அண்ணன் சொன்னாரே.”

பிலோமினா என்னிடம் விட்டுப்போன விடுதலைப் பத்திர நகலைக் காட்டினேன். நின்றபடியே படித்தார். பிறகு கோயில் படியில் உட்கார்ந்து மறுபடி படித்தார். கையில் இருந்த துணியைக் கீழே வைக்கக்கூட மறந்துவிட்டார்.

“நான் வேணாம்னு ஒதுங்கினா அக்காவுக்குப் போகும்னு நினைச்சேன் மேடம்.”

“வேணாம்னு சொல்லணும்னாகூட முதல்ல அது உங்க கையில இருக்கணும் ஃபாதர். இப்ப அது உங்க கையில இல்ல. எடுத்தது நான்தான்.”

என்னை நிமிர்ந்து பார்த்தார். திட்டுவார் என்று நினைத்தேன். பேனா இருக்கிறதா என்று கேட்டார்.

அவர் மனுவோடு, என் முதல் அறிக்கை சட்டத்துக்குப் புறம்பானது, தவறு முழுவதும் என்னுடையது என்று எழுதி வட்டாட்சியரிடம் நீட்டினேன். கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டுக் கேட்டார். “இத வாங்கிக்கிட்டா உங்க மேல நடவடிக்கை எடுக்காம இருக்க முடியாதும்மா. தெரிஞ்சுதான் குடுக்கறீங்களா?” தெரிந்துதான் சார் என்றேன். மேற்கொண்டு எதுவும் கேட்காமல் சான்றிதழை நிறுத்திவைத்து உத்தரவு போட்டார். அதன் நகலைத் திங்கட்கிழமை நானே பத்திரப் பதிவு அலுவலகத்தில் கொண்டுபோய்க் கொடுத்தேன். வாங்க இருந்தவர்களின் வழக்கறிஞர் அதைப் பார்த்ததும் பதிவைத் தள்ளிவைத்துவிட்டார். மறு விசாரணை அந்த வீட்டு வாசலிலேயே நடந்தது.

வாடகை நாற்காலிகள் போட்டிருந்தார்கள். வருவாய் ஆய்வாளர் உட்கார்ந்திருந்தார். கேள்வி கேட்டு எழுதும் வேலை எனக்கு. தெருவே கூடியிருந்தது. முதலில் என் பழைய அறிக்கையை எழுந்து நின்று வாசித்தேன். ரசித்து எழுதிய அந்த வாக்கியத்தையும் வாய்விட்டுச் சொன்னேன்.

ஃபாதர் அங்கி போடாமல் சாதாரணச் சட்டையில் வந்திருந்தார். அப்படியும் “தோத்திரம் சாமி” என்று ஆளுக்காள் கும்பிட்டார்கள். அந்தோணிதான் முதலில் பேசினார்.

“இன்னாத்துக்கு ஃபாதர் இதெல்லாம்? நீங்க குடும்பமே வேணாம்னு போனவரு. உங்களுக்கு எதுக்கு மண்ணு?”

தம்பியை அவர் ஃபாதர் என்றும் நீங்கள் என்றும் சொன்னது என் காதில் விழுந்தது. நான் படிவத்தை எடுத்துக்கொண்டேன். பெயர், வயது, முகவரி கேட்டேன். சொன்னார். அடுத்த கேள்வி எல்லா வாரிசு விசாரணையிலும் கேட்பதுதான்.

“இறந்தவருக்கு நீங்க என்ன உறவு?”

அந்த மனிதர் ஆயிரம் பேர் முன்னால் பேசுகிறவர். ஒரு வார்த்தைப் பதிலைச் சொல்லாமல் வேறெங்கோ தொடங்கினார்.

“பட்டம் வாங்கின அன்னிலேர்ந்து எங்கம்மாவே என்ன சாமின்னுதான் கூப்பிட்டாங்க மேடம். பேரு சொன்னதில்ல. அவங்க அடக்கத்துக்கு நான்தான் பூசை வெச்சேன். கல்லறையில எல்லாரும் மண்ணு போட்டாங்க. நான் புஸ்தகத்தப் பிடிச்சிக்கிட்டு ஜெபம் சொல்லிக்கிட்டு நின்னேன். வந்து ஒரு பிடி போடுன்னு யாரும் கூப்பிடல. நானும் கேக்கல.” அண்ணன் பக்கம் திரும்பினார். “எனக்கு எதுக்கு மண்ணுன்னு கேக்கறியேண்ணா. அன்னிக்கு ஒரு பிடி குடுத்திருந்தா போதும்.”

பிறகு என்னைப் பார்த்து, “மகன். எழுதிக்குங்க” என்றார்.

எழுதினேன். அந்தோணி தரையையே பார்த்துக்கொண்டிருந்தார். அவரிடமும் நான் கேட்டாக வேண்டும். சட்டப்படி கேட்க வேண்டிய கேள்விதான், ஆனால் அதைக் கேட்க எனக்கே மனசு கனத்தது.

“இவர் உங்களுக்கு என்ன உறவுன்னு நீங்க சொல்லணும். நீங்க சொல்றத எழுதி, கீழ கையெழுத்து வாங்குவேன்.”

இவர் எனக்கு யாரும் இல்லை என்று தன்னால் சொல்லிவிட முடியும் என்றுதான் இரண்டு மாதமாக நினைத்திருப்பார். சொல்ல வாய் வரவில்லை.

“தம்பி தான் மேடம். என் கடைசித் தம்பி. சேசு.”

பேனாவை நீட்டினேன். கையெழுத்துப் போட்டுவிட்டு மேல்துண்டால் முகத்தை மூடிக்கொண்டார். கதவைப் பிடித்துக்கொண்டு நின்ற பிலோமினா, “அப்ப வூடு?” என்று மட்டும் கேட்டார். “வூடு உன்னுது தான்க்கா. என் பங்கா வாங்கி உனக்கு எழுதித் தரேன்” என்றார் ஃபாதர். குப்பத்துப் பேச்சு அவருக்கு அப்போதுதான் திரும்பி வந்திருந்தது.

அப்படியே நடந்தது. பாகப்பிரிவினையில் கடலோர மனை அந்தோணிக்குப் போனது. வீடு நின்ற பகுதி ஃபாதர் பங்குக்கு வந்தது. அதை அவர் அக்காவுக்கு செட்டில்மெண்ட் எழுதினார். அவருக்கு அதில் ஒரு கைப்பிடி மண்கூட மிஞ்சவில்லை. ஆனால் இந்தத் தடவை கொடுத்தது அவர்.

பதிவுக்கு முந்தின நாள் பிலோமினா அந்த செட்டில்மெண்ட் பத்திரத்தின் நகலைத் தூக்கிக்கொண்டு என்னிடம் வந்தார். “ஒரு எழுத்து விடாம படிச்சுக் காட்டுங்க மேடம். படிக்காம இனிமே எதுலயும் கை வெக்க மாட்டேன்” என்றார். வெளியே நான்கு பேர் காத்திருந்தார்கள். காத்திருக்கட்டும் என்று கதவைச் சாத்திவிட்டு, தேதியிலிருந்து நான்கு எல்லைகள்வரை வாசித்தேன். கடைசியில், ‘மேற்படி வீட்டை இன்று முதல் தாங்களே சர்வ சுதந்திரமாய் ஆண்டனுபவித்துக்கொள்ள வேண்டியது’ என்ற இடம் வந்தது. பத்திரம் எழுதுபவர்கள் எல்லாப் பத்திரத்திலும் போடுகிற வரிதான். நான் ஆயிரம் முறை படித்த வரி.

“தாங்கள்னா நானா மேடம்?”

“நீங்கதாம்மா.”

“அந்த வரிய மட்டும் இன்னொரு தபா படிங்க.”

படித்தேன்.